கன்னத்தில் மூன்று மாத்திரை

நான் ஒரு பயந்தாங்கொள்ளி. மயிலாடுதுறை பக்கம் ஒரு தெருவே கூடி நின்று என் வாய்க்குள் பார்த்த பிறகு, இதில் மறைக்க என்ன இருக்கிறது?

யானைக்கால் நோய்க்கு வீடுவீடாக மாத்திரை கொடுத்த காலம் அது. கொசுவால் பரவும் நோய். கால் வீங்கிவிட்டால் பழையபடி ஆகாது. அதனால் எல்லாரும் சாப்பிட்டுவிட்டு எங்கள் கண்ணெதிரே மாத்திரையை விழுங்க வேண்டும். நான் தற்காலிகப் பணியாளர். பக்கத்து ஊரில் மாத்திரை போட்டு யாரோ செத்துவிட்டதாக பஸ்ஸில் கேட்டதிலிருந்து எனக்கே குலை நடுங்கியது. (யார் செத்தது என்று ஒருவருக்கும் தெரியாது. பயத்துக்கு அதெல்லாம் எதற்கு?)

முதல் தெருவிலேயே மடக்கிவிட்டார்கள்.

"நீங்க முதல்ல முழுங்குங்க. அப்புறம் நாங்க போடுறோம்."

"இன்னிக்கு ஆடி வெள்ளி, விரதங்க. வெறும் வயித்துல போடக் கூடாது."

"அப்ப எங்களுக்கும் வேணாம்."

அந்தத் தெருவில் குடியிருந்த ராசாத்தி அக்கா மட்டும் வீங்கிய இடது காலை இழுத்துக்கொண்டு முன்னால் வந்தார். கையைப் பிடித்தபடி எட்டு வயது மகள். "இவளுக்காவது குடுக்கணும். போட்டுக் காட்டிடுங்க தங்கச்சி."

என் பங்கு மூன்று மாத்திரையையும் வாயில் போட்டு, தண்ணீர் குடித்து, கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டேன். தெரு கை நீட்டியது. எனக்கோ கசப்பு ஊறி தொண்டைக்குள் இறங்கியது. போச்சு, செத்தேன் என்று நெஞ்சு அடித்துக்கொண்டது. பசி வேறு. அப்படியே சாய்ந்துவிட்டேன்.

"ஐயோ, மாத்திரை போட்ட பொண்ணு போயிடுச்சு!"

வாங்கிய மாத்திரைகளெல்லாம் வாய்க்காலுக்குப் போயின. கதவுகள் சாத்தப்பட்டன. ராசாத்தி அக்கா தண்ணீர் தெளித்து, பல் கிட்டிவிட்டதோ என்று என் வாயைத் திறந்தார். மூன்று மாத்திரையும் அவர் உள்ளங்கையில் விழுந்தன.

"அது முழுங்கவே இல்லைங்க! பசி மயக்கம்!" கையைத் தூக்கித் தெரு முழுக்கக் காட்டினார். ஒவ்வொரு கதவாகத் திறந்து, எல்லாரும் வந்து பார்த்தார்கள். நிஜமாகவே செத்திருக்கலாம் என்று தோன்றியது.

"பயமா?" என்றார் மெதுவாக. தலையாட்டினேன்.

"எனக்கும் பயந்தான். ஆனா இதுக்குத்தான் ரொம்ப பயம்" என்று காலைக் காட்டினார்.

விரதமாவது ஒன்றாவது. அவர் போட்ட சோற்றைத் தின்று, மாத்திரையை விழுங்கி, நாக்கைத் தூக்கிக் காட்டினேன். ஒரு மணி நேரம் தெரு என்னைக் காவல் காத்தது. நான் சாகவில்லை. முதலில் அந்த மகள் விழுங்கினாள். பிறகு தெருவே விழுங்கியது.

இன்றும் காய்ச்சல் மாத்திரை போட்டால் வீட்டில் எல்லாரும் "நாக்கைத் தூக்கு" என்று வந்து நிற்கிறார்கள். போன வருஷம் ராசாத்தி அக்கா மகளுக்குக் கல்யாணம். மெட்டி போட்ட இரண்டு பாதமும் ஒரே அளவாக இருந்ததைப் பார்த்து நான் கண் கலங்கி நின்றேன். மணப்பெண் என் கையில் வெற்றிலையைக் கொடுத்தாள்.

"இதையாவது முழுங்கிடுங்கக்கா."