லுஃப்டன் அங்கிள் திறந்த ஜன்னல்கள்

டெக்சாஸில், ஆகஸ்ட் வெயிலில், ஏசி ஓடிக்கொண்டிருக்கும்போது அடுத்தவர் வீட்டு ஜன்னலைத் திறந்து வைக்கும் துணிச்சல் உலகத்திலேயே ஒருவருக்குத்தான் உண்டு. ஆலன் நகரில் எங்கள் தெருவில் அவருக்கு லுஃப்டன் அங்கிள் என்று பெயர். சொந்தப் பெயரை யாரும் கேட்டதில்லை.

ஈரோட்டுக்காரர். இருபது வருடம் ஜெர்மனியில் வேலை பார்த்துவிட்டு மகளோடு இருக்க வந்தவர், ஒரு பெட்டியும் ஒரு வினைச்சொல்லும் கொண்டுவந்தார். லுஃப்டன் என்றால் அறைக்குக் காற்று விடுவது. அங்கே உறைபனியிலும் தினமும் ஐந்து நிமிடம் எல்லா ஜன்னலையும் விரியத் திறப்பார்களாம்.

“லுஃப்ட்னா காத்துங்க. அதுல பொறந்த சொல்லு இது. இங்கிலீஷ்ல லிஃப்ட்ங்கறமே, அதுவும் பங்காளிதான். தொப்பியத் தூக்குனாலும் லுஃப்டன், ரகசியத்த வெளிய விட்டாலும் லுஃப்டன்” என்பார். சொல்லி முடிப்பதற்குள் ஜன்னல் திறந்திருக்கும்.

கொலுவுக்கு வந்த அன்று விளக்கு மூன்று முறை அணைந்தது.

“அங்கிள், வெளில அனல் அடிக்குது” என்றாள் என் மனைவி வித்யா.

“அஞ்சே நிமிசம் அம்மிணி.”

அதன்பிறகு பெல் அடித்தால் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்போம். “அப்பா, லுஃப்டன் அங்கிள். ஹைட்” என்பாள் மகள்.

ஒரு பிப்ரவரியில் பனி கொட்டி மூன்று நாள் கரண்ட் இல்லை. பேக்யார்டில் இருந்த பார்பிக்யூ அடுப்பை ஹாலுக்குள் தூக்கி வந்து கரி மூட்டினேன். நான் படித்த இன்ஜினியர். ஜன்னல் இடுக்குகளில் பழைய வேட்டியைக் கிழித்து வேறு அடைத்தேன். கதகதப்பாக இருந்தது. மகள் தலைவலி என்றாள், வித்யா வாந்தி எடுத்தாள். குளிர்தான் காரணம் என்று இன்னும் கரி போட்டேன். இருவரும் சோபாவிலேயே தூங்கிவிட்டார்கள். எனக்கும் கண் சொருகியது.

யாரோ கதவைத் தட்டினார்கள். லுஃப்டன் அங்கிள்தான், அடைந்து கிடக்கும் வீட்டுக்குக் காற்று விட வந்திருக்கிறார் என்று புரிந்து, பேசாமல் இருந்தேன். அவர் விடுவதாக இல்லை. தள்ளாடிப் போய்த் திறந்தேன்.

அடுப்பைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது. மகளைத் தூக்கி என் கையில் திணித்து வெளியே தள்ளினார். வித்யாவை அவரே இழுத்து வந்தார். பிறகு உள்ளே ஓடி, வேட்டிக் கிழிசல்களைப் பிடுங்கி எறிந்து, அத்தனை ஜன்னலையும் திறந்தார்.

“ஊட்டுக்குள்ள கரிய மூட்டிட்டுத் தூங்குனா எந்திரிக்க மாட்டீங்க தம்பி” என்று மூச்சு வாங்கச் சொல்லிவிட்டு ஆம்புலன்ஸைக் கூப்பிட்டார். மகள் கண் விழித்து இருமியபோது, பனியில் அவர் காலைக் கட்டிக்கொண்டு அழுதேன்.

இப்போது எங்கள் வீட்டு ஜன்னல்களை நாங்கள் திறப்பதில்லை. அது அவர் வேலை. காலை எட்டு மணிக்குள் அவர் வரவில்லையென்றால், வித்யா செருப்பை மாட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குக் கிளம்பிவிடுகிறாள்.