மீசை சிஸ்டர் வாங்கிய மீன்

பழவேற்காடு ஏரியைச் சுற்றியுள்ள அத்தனை ஊர்களிலும், தன்னை "டாக்டர்" என்று கூப்பிட்டதற்காகச் சண்டைக்குப் போன ஒரே மனிதர் எங்கள் மீசை சிஸ்டர்தான். மருந்துக் கடையில் நாலு மாதம் பொட்டலம் மடித்தவர்கூட, டாக்டர் என்று கூப்பிட்டால் லேசாகத் தலையாட்டி ஏற்றுக்கொள்கிற நாடு இது. இவரோ ஊசியைக் கீழே வைத்துவிடுவார். "டாக்டர் உள்ள இருக்காங்க. நான் நர்ஸ். எங்க, சொல்லுங்க... நர்ஸ்" என்று சொல்லவைத்த பிறகுதான் ஊசி திரும்பக் கைக்கு வரும். காய்ச்சலில் முனகிக்கொண்டிருந்தவர்கள்கூட இந்தப் பாடத்தை ஒப்பித்துவிட்டுத்தான் சட்டைக் கையைச் சுருட்டினார்கள்.

ஊர்க்காரர்களுக்கு இதில் ஒரு சிக்கல். அவர்கள் அகராதியில் நர்ஸ் என்றால் சிஸ்டர். இவர் நர்ஸ். ஆகவே இவரும் சிஸ்டர். பிரசவ வார்டில் ஏற்கெனவே ஒரு சிஸ்டர் இருந்ததால், அடையாளத்துக்காக இவர் மீசை சிஸ்டர் ஆனார். அந்த மீசையைப் பார்த்தால், போலீஸ் ஸ்டேஷனுக்குப் போகவேண்டியது வழி தவறி ஆஸ்பத்திரிக்குள் வந்துவிட்டதோ என்று தோன்றும். இன்னொரு பக்கம், நிஜ டாக்டர் சின்ன உருவம், இளம் பெண். ஸ்டெதஸ்கோப்பை மாட்டிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் அவரிடமே, "ஏம்மா சிஸ்டரு, டாக்டரு எப்போ வருவாரு?" என்று கேட்பார்கள். அவர் சிரித்துவிட்டு நாடி பிடிப்பார். மீசை சிஸ்டருக்குத்தான் ரத்தம் கொதிக்கும்.

நான் அந்த ஆரம்ப சுகாதார நிலையத்தில் மருந்தாளுநர். மாத்திரை கொடுக்கும் ஜன்னலுக்குப் பின்னால் என் இடம். எதிரே கட்டு கட்டும் அறை. டிக்கெட் இல்லாமல் முன்வரிசையில் உட்கார்ந்து பார்த்தவள் நான் என்பதால் இதையெல்லாம் தைரியமாக எழுதுகிறேன்.

மனிதருக்கு உத்திரமேரூர் பக்கம் சொந்த ஊர். நெல் விவசாயம் செய்யும் குடும்பம். முட்டையைக்கூட வாசற்படி தாண்ட விடாத சைவம். அவரை அரசாங்கம் தூக்கிக்கொண்டு வந்து போட்ட இடமோ, காற்று எந்தத் திசையிலிருந்து அடித்தாலும் கருவாட்டு வாசனையோடு அடிக்கிற ஊர். வந்த அன்று முழுக்க அவர் மூச்சை உள்ளே இழுத்ததாகவே எனக்கு ஞாபகமில்லை. மறுநாள் முதல் மீசையில் தைலம் தடவிக்கொண்டு வர ஆரம்பித்தார். அது ஆஸ்பத்திரி மருந்து என்று ஊர் நம்பிவிட்டது. ஒரு தாய் சளி பிடித்த குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்து, "கொஞ்சம் மூஞ்சிகிட்ட வச்சிக்க சிஸ்டரு, மூக்கு தொறக்கட்டும்" என்று நீட்டினாள். இவரும் வைத்துக்கொண்டார்.

கேலிக்கும் பஞ்சமில்லை. ஒரு நாள் திருக்கை மீனின் முள் குத்தி, கால் வீங்கிப்போன ஒருவரைப் படகுக்காரர்கள் தூக்கிக்கொண்டு வந்தார்கள். மீசை சிஸ்டர் காலைச் சூடான தண்ணீரில் வைத்து, வலி அடங்கியதும் முள்ளை எடுத்து, கிழிந்த இடத்தைச் சுத்தம் செய்துகொண்டிருந்தார். வலி போனதும் அந்த ஆளுக்கு வாய் வந்தது.

"இன்னாபா, இம்மாம் பெரிய மீசைய வச்சிக்கினு பொம்பள வேல பாக்குற?"

இவர் நிமிரவில்லை. "உங்க குப்பத்துல கிழிஞ்ச வலைய யார் தைக்கிறாங்க?"

"நாங்கதான். வேற யாரு?"

"ஊசியும் நூலுமா உக்காந்து நாள் பூரா தைக்கிறீங்க. எங்க ஊர்ல தையல் பொம்பளைங்க வேலைங்க."

கூட வந்தவர்கள் வேறு பக்கம் திரும்பிச் சிரித்தார்கள். அந்த ஆள் காலை இன்னும் கொஞ்சம் நீட்டி, "சரி சரி, ஒயுங்கா கட்டு" என்றார்.

கல்யாண விஷயம் மட்டும் அத்தனை எளிதாக முடியவில்லை. ஒரு பெண்ணின் தகப்பனார் மாப்பிள்ளை எப்படி என்று பார்க்க ஆஸ்பத்திரிக்கே வந்துவிட்டார். கவர்ன்மென்ட் வேலை என்பதில் பெரிய திருப்தி. ஒரு சந்தேகம்தான் பாக்கி. குரலைத் தாழ்த்தி, "ஊசி போடறதோட சரிதானே தம்பி? வேற... அந்த மாதிரி வேலையெல்லாம்..." என்று இழுத்தார்.

"எல்லாந்தாங்க," என்றார் இவர் உற்சாகமாக. "மலம், மூத்திரம், வாந்தி, சீழ். படுத்த படுக்கையா இருந்தா குளிப்பாட்டறதும்."

பெரியவர் டீயைப் பாதியில் வைத்துவிட்டுப் பொன்னேரி பஸ் பிடித்தார். "கொஞ்சம் பார்த்துப் பேசியிருக்கலாமே சார்" என்றேன். "நாளைக்கு அவரே படுத்துட்டா யார் மேடம் செய்வாங்க?" என்று கேட்டுவிட்டுப் பஞ்சு வெட்டப் போய்விட்டார். முகத்தில் வருத்தம் தெரியவில்லை. கத்தரிக்கோல் மட்டும் அன்று வழக்கத்தைவிட வேகமாக ஓடியது.

இப்போது அஞ்சலைக்கு வருகிறேன்.

அஞ்சலை லைட்ஹவுஸ் குப்பத்துக்காரி. கணவர் இல்லை. ஒரே மகன் ஃபைபர் படகில் கடலுக்குப் போகிறவன். பழவேற்காடு மார்க்கெட்டில் மீன் விற்பாள். அவள் குரல் ஏரிப் பாலத்தின் அந்தக் கரையில் கிளம்பினால், ஆள் வந்து சேர்வதற்கு முன்பே இந்தக் கரையில் விலை இறங்கிவிடும். சுகர் மாத்திரைக்காக என் ஜன்னலுக்கு வருகிறவள், ஒரு நாள் ஒரு காலை இழுத்து இழுத்து வந்தாள். கிளிஞ்சல் குத்திய புண். சுகர் காரணமாக வலியே தெரியவில்லை. படகுக்கு ஊற்றும் டீசலைக் கொஞ்சம் தடவி, மேலே பிளாஸ்டிக் கவரைக் கட்டியிருந்தாள். டாக்டரம்மா பார்த்துவிட்டு, தினமும் வந்து கட்டு மாற்ற வேண்டும் என்று சொல்லி எதிர் அறைக்கு அனுப்பினார்.

உள்ளே போன வேகத்தில் வெளியே வந்தாள். "உள்ள ஆம்பள குந்திக்கினு கீறான்!"

"அவருதாம்மா நர்ஸு," என்றேன்.

"ஆம்பள கைல கால குடுக்கவா? எம் புருசனே எங்கால தொட்டது கெடையாது!"

பெண் நர்ஸ் பிரசவ அறையில் இருந்தார். காத்திருக்கச் சொன்னோம். "மீனு காத்துக்கினு இருக்குமா?" என்று கேட்டுவிட்டுக் கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். அதன்பின் வரவே இல்லை.

அந்த வாரத்திலிருந்துதான் மீசை சிஸ்டர் மீன் வாங்க ஆரம்பித்தார்.

காலையில் டியூட்டிக்கு வரும்போதே கையில் ஒரு பை இருக்கும். அதை உடம்பிலிருந்து எவ்வளவு தள்ளிப் பிடிக்க முடியுமோ அவ்வளவு தள்ளி, தோள் கழன்றுவிடும்போல நீட்டிப் பிடித்துக்கொண்டு வருவார். நேரே என் ஜன்னலுக்கு வந்து, "மேடம், உங்க வீட்டுக்கு" என்பார். ஒரு நாள் மடவை, ஒரு நாள் கிழங்கான், ஒரு நாள் நண்டு. முதலில் வீட்டில் ஒரே குஷி. "ரொம்ப நல்ல மனுஷன்" என்றார் என் கணவர், முள்ளை எடுத்துக்கொண்டே. கொஞ்ச நாள் போனது. மீன் தொடர்ந்து வந்தது. "அது சரி," என்றார் கணவர் ஒரு நாள், தட்டைப் பார்த்தபடி, "அவரு எதுக்கு உனக்குத் தினமும் மீன் குடுக்கறாரு?"

கேள்வி நியாயமாகத்தான் இருந்தது. மறுநாள் காலை நானே மார்க்கெட்டுக்குப் போனேன். அஞ்சலை உட்கார்ந்திருக்கிறாள். எதிரே இவர் குத்துக்காலிட்டு, மூக்கைச் சட்டைக் கையால் பொத்தியபடி.

"இது ஏம்மா இப்படி முழிச்சிப் பாக்குது?"

"செத்த மீனு கண்ண மூடிக்கினா இருக்கும்? வேணும்னா எடு, இல்லன்னா எயுந்து போ நைனா. போணி நேரத்துல பேஜாரு பண்ணாத."

"அதோ, அது வேணும். உங்க காலுக்குப் பக்கத்துல இருக்கே, அது. இருங்க, நானே எடுத்துக்கறேன்."

குனிந்தார். மீனை எடுக்க அவ்வளவு நேரம் ஆகாது. வரும் வழியில் அவரை நிறுத்தி விஷயத்தைக் கேட்டேன்.

"மீன் எதுக்கு மேடம்? நான் காலைப் பாக்கப் போறேன்," என்றார். "கட்டை விரலுக்குப் பக்கத்து விரல் கறுத்துட்டு வருது. தினம் நைசா சொல்லிப் பாக்கறேன். திட்டறாங்க. டாக்டர் மேடம்கூட ஒரு தடவை போய்ச் சொல்லிட்டாங்க. திட்டாத நாளா பாத்துப் பேசணும்."

"திட்டாத நாள் அவளுக்குக் கிடையாதே சார்."

"அதான் தினமும் போறேன்."

திட்டாத நாள் ஒன்று வந்தது. ஆனால் யாரும் நினைத்த மாதிரி வரவில்லை. தினமும் வாங்கும் வாடிக்கையாளர் மேல் அஞ்சலைக்குப் பாசம் வந்துவிட்டது. தாயில்லாத பிள்ளை போல ஒண்டியாய் ஆக்கித் தின்கிறானே என்று, ஒரு நாள் மதியம் மடவைக் குழம்பு வைத்து, தூக்கில் எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கே நொண்டிக்கொண்டு வந்துவிட்டாள். வராந்தா பெஞ்சில் அவரை உட்காரவைத்து, சோற்றைப் போட்டு, குழம்பை ஊற்றி, எதிரே நின்றாள். "துன்னு நைனா. எங் கையால வச்சது."

டாக்டரம்மா அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். நான் ஜன்னலுக்கு வெளியே பாதி உடம்பை நீட்டியிருந்தேன். மீசை சிஸ்டர் தட்டைப் பார்த்தார். அஞ்சலையைப் பார்த்தார். அவள் காலைப் பார்த்தார். ஒரு கவளம் பிசைந்து, கண்ணை மூடி, வாயில் போட்டு, விழுங்கியும்விட்டார். அடுத்த நொடி எழுந்து குழாயடிக்கு ஓடினார்.

"இன்னா? காரமா?" என்று பதறினாள் அஞ்சலை.

இனி மறைக்க முடியாது. "அவரு மீனே சாப்பிட மாட்டாரும்மா. பொறந்ததுலேர்ந்து சைவம்," என்றேன்.

அஞ்சலை தூக்கின் மூடியை எடுத்து மூடினாள். அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்ததும் மெதுவாகக் கேட்டாள்.

"அப்போ இத்தினி நாளா எதுக்கு வாங்கின?"

"உங்க காலைப் பாக்கத்தாம்மா," என்றார். "கறுத்துக்கிட்டே போகுதும்மா. எனக்குத் தூக்கம் வரல."

மீசையில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அஞ்சலை பெஞ்சில் உட்கார்ந்து, பிளாஸ்டிக் கவரை அவிழ்த்து, புடவையைக் கணுக்கால்வரை ஒதுக்கி, காலை நீட்டினாள்.

"பாரு," என்றாள்.

பார்த்தது கொஞ்சம் தாமதம்தான். டாக்டரம்மா உடனே சென்னைப் பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதினார். மகன் கடலில் இருந்தான். "காலை எடுத்துருவாங்கோ, நான் போமாட்டேன்" என்று அழுதவளை ஆம்புலன்ஸில் ஏற்றி, கூடவே ஏறிக்கொண்டவர் மீசை சிஸ்டர். மகன் கரைக்கு வந்து, விஷயம் தெரிந்து சென்னைக்கு ஓடும்வரை அவர்தான் பக்கத்தில் இருந்தார். பெட்பேன் வைத்தார். தலை வாரிவிட்டார். அடுத்த படுக்கைக்காரி, "யாரு, உம் புள்ளையா?" என்று கேட்டிருக்கிறாள்.

"இல்ல, நர்ஸு."

"ஆம்பளயா?"

"ஆம்பளன்னா இன்னா? கை இல்லையா அவுனுக்கு?"

இதை என்னிடம் சொன்னது அஞ்சலையேதான், தன் பேச்சுத் திறமைக்கு உதாரணமாக. விரல் ஒன்று போனது. கால் தப்பியது. அவர் கட்டிய கட்டுகளில் புண் ஆறி, பெரிய செருப்பு ஒன்றை மாட்டிக்கொண்டு மார்க்கெட்டுக்குத் திரும்பினாள். அதோடு விட்டாளா? குப்பத்தில் யாருக்குக் காலில் கீறல் விழுந்தாலும் கையைப் பிடித்துத் தரதரவென்று இழுத்து வந்தாள். ஆண் என்று முகம் சுளித்த பெண்களெல்லாம் அவருடைய அறைக்கு வெளியே வரிசையில் நின்றார்கள். மறுத்தவர்கள் அஞ்சலையின் வாய்க்குப் பயந்து நின்றார்கள்.

பிறகு அவருடைய அம்மா வீட்டில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. சொந்த ஊர்ப் பக்கமே மாற்றல் கேட்டு வாங்கிக்கொண்டார். கடைசி நாள் மதியம் அஞ்சலை கத்திரிக்காய்க் காரக்குழம்பு கொண்டுவந்தாள். "புதுச் சட்டில ஆக்கினது. மீனு சட்டி இல்ல," என்றாள். ஒரு பருக்கை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டார். அவள் தூக்கைக் கழுவுகிற சாக்கில் குழாயடியில் வெகுநேரம் நின்றாள்.

போன மாதம் உத்திரமேரூர்ப் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போனவள், விசாரித்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். பின்கட்டில் வெயில் படுகிற இடத்தில் அம்மாவை நாற்காலியில் உட்காரவைத்திருந்தார். குளிப்பாட்டி, பவுடர் போட்டாகிவிட்டது. தலையில் நல்ல நீளமான முடி, பாதி நரை. சொந்தக்காரர்கள் எல்லாரும் வெட்டிவிடச் சொன்னார்களாம். அம்மாவுக்கு மனமில்லை. அதனால் வெட்டவில்லை.

"வாங்க மேடம், நல்ல நேரத்துல வந்தீங்க," என்றார். "எல்லாம் செஞ்சிடறேன். இந்தப் பின்னல் மட்டும் கோணிக்கிட்டுப் போகுது. கண்ணாடியப் பாத்துட்டு அம்மா திட்டுது."

பைகளைக் கீழே வைத்துவிட்டு அவர் பக்கத்தில் நின்றேன். முடியை மூன்றாகப் பிரித்துக் காட்டி, எந்த விரலால் பிடிக்கவேண்டும், எங்கே இறுக்கவேண்டும் என்று சொல்லிக்கொடுத்தேன். நாக்கை மீசைக்குக் கீழே கடித்துக்கொண்டு, அவிழ்த்து அவிழ்த்துப் பின்னினார். கடைசியில் நுனிவரை நேராக வந்தது. அம்மா கையைப் பின்னால் கொண்டுபோய்த் தடவிப் பார்த்துவிட்டு, பின்னலை எடுத்து முன்னால் போட்டுக்கொண்டார்.

"நல்லா வந்திருக்கு தம்பி," என்றேன். அத்தனை வருஷம் கூட வேலை பார்த்தும், அன்றுவரை அவரைச் சார் என்றுதான் கூப்பிட்டிருக்கிறேன்.