கிணற்றில் இறங்கிய பால் கிண்ணம்

துனி ஊரிலிருக்கும் அத்தையம்மா அவர்களுக்கு, பீமிலியிலிருந்து மாப்பிள்ளை பானுபிரகாஷ் கும்பிட்டு எழுதுவது. ஹைமாவும் குழந்தையும் நலம். மாமாவின் சர்க்கரையும் அடங்கியிருக்கும் என்று நம்புகிறேன். கையெழுத்து ஹைமாவுடையது. ஏன் என்று இப்போது கேட்காதீர்கள்.

நன்றி சொல்லத்தான் எழுதுகிறேன். எனக்குச் சுற்றிவளைத்துப் பேச வராது. துறைமுகத்தில் கிரேன் சோதிக்கிறவன். எந்தக் கொக்கி எவ்வளவு தாங்கும் என்று பார்ப்பதுதான் என் பிழைப்பு. ஆபரேஷன் செய்து பிள்ளையை எடுத்த டாக்டரம்மா, ஆறு வாரத்துக்குக் குழந்தையைவிடக் கனமான எதையும் இவள் தூக்கக்கூடாது என்றார். அதனால்தான் குக்கர், அரிசி டப்பா, ஊறுகாய் ஜாடி எல்லாவற்றையும் நிறுத்து சாக்பீஸால் எடை எழுதினேன். உங்கள் கைப்பை மேலும் எழுதியது தப்புதான். நீங்களோ, பிள்ளை பெற்றவள் இருபத்தோராம் நாள் கிணற்றில் நீர் இறைத்தால்தான் அடுப்படிக்குள் போகலாம் என்று சொல்லி, பித்தளைக் குடத்தை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினீர்கள். வெறும் குடமே குழந்தையைவிடக் கனம். நான் கத்தினேன், நீங்கள் அழுதீர்கள்.

சடங்கும் நடக்கட்டும், தையலும் பிரியாமல் இருக்கட்டும் என்று கிணற்றுக்கு மேல் நாலு கப்பி மாட்டினேன். பாரம் கால்வாசியாகும். கயிற்றை நாலு மடங்கு நீளம் இழுக்க வேண்டும் என்பதை மட்டும் யாரிடமும் சொல்லவில்லை. ஹைமா இழுக்கிறாள், இழுக்கிறாள், குடம் மேலே வந்தபாடில்லை. சொந்தக்காரங்க எல்லாம் ஊறவச்ச கடலையை மென்னுக்கிட்டு வேடிக்கை பார்க்கிறாங்க. அப்போ அவளுக்கு ஒரு இருமல். கை தன்னால வயித்துக்குப் போச்சு. நான் கப்பியைப் பாத்துக்கிட்டிருந்தேன். நீங்கதான் அவளைப் பாத்தீங்க.

கயித்தை என் கையில கொடுத்துக் குடத்தை மேலே ஏத்தச் சொன்னீங்க. அதை அவுத்துட்டு, குழந்தையோட வெள்ளிப் பால் கிண்ணத்தைக் கட்டினீங்க. எங்க பெரியம்மா விடுவாங்களா? "என்ன சம்பந்தியம்மா, கிணத்துச் சாமி கங்கம்மாகிட்ட இருமல் மருந்தா வாங்கறீங்க?"

"கங்கம்மாவும் பெத்தவதான். அளந்து பாக்க மாட்டா. நீ இழும்மா."

ஒரு வாய்த் தண்ணீர் வந்தது. அதைக் கையில் ஏந்திக்கொண்டு ஹைமா நிமிர்ந்தபடியே அடுப்படிக்குள் போனாள். அவ்வளவு பிடிவாதமாய்ச் சுமந்து வந்த குடத்தை அத்தனை பேர் முன்னால் நீங்களே ஒதுக்கி வைத்தீர்களே, அதற்குத்தான் இந்த நன்றி. என் கப்பிகளால் ஆகாதது அது.

நான் சொல்லிக்கொடுத்தபடியே அவள் முழங்காலை மடக்கி, குழந்தையை மார்போடு அணைத்து, மூச்சை விட்டுக்கொண்டே எழுகிறாள். தையல் நன்றாக ஆறிவருகிறது. தூக்குவதற்கு நான் இருக்கிறேன். நீங்கள் கவலையில்லாமல் அங்கேயே ஓய்வெடுங்கள்.

உங்கள் ஆசியை நாடும்,
பானுபிரகாஷ்

பின்குறிப்பு: அம்மா, நான் ஹைமா. நீ விட்டுப்போன குடத்தில் பருப்பைக் கொட்டிப் பரண்மேல் வைக்கிறேன் என்று, இவர் இடுப்பை வளைத்து ஒரே தூக்காகத் தூக்கினார். இப்போது மல்லாந்து படுத்தபடி சொல்லச் சொல்ல நான் எழுதியதுதான் மேலே இருப்பது. குழந்தையைவிடக் கனமான எதையும் இவர் தூக்கக்கூடாதாம். குடத்தின் எடையைச் சாக்பீஸால் எழுதிவிட்டேன். அடுத்த பஸ்ஸைப் பிடித்து வா.