நீலக்கோட்டுக் கழுதையும் நரியின் வாலும்

ஒரு காட்டில், நம்மூர்க் காடு இல்லை, சீமையில் இருக்கிற காட்டில், வெள்ளையம்மாள் என்று ஒரு வாத்து இருந்தாள். வெயில் எப்போதாவது எட்டிப் பார்த்துவிட்டுப் போகிற காடு அது. மழை மட்டும் சொந்தக்காரர் மாதிரி வந்து தங்கிவிடும். வாத்துக்கு மழை ஒரு பொருட்டில்லை. நரிதான் பொருட்டு.

வெள்ளையம்மாள் கவலைக்காரி. தாழ்ப்பாளைப் போட்டுவிட்டுப் படுப்பாள். எழுந்து போய் இழுத்துப் பார்ப்பாள். மறுபடி படுத்ததும், இழுத்துப் பார்த்தபோது தாழ்ப்பாள் கழன்றிருக்குமோ என்று நினைப்பாள்.

அந்தக் கவலை அவளுக்குச் சும்மா வரவில்லை. அவளுடைய அம்மா காலத்தில் காட்டுக்குக் காவல் ஒரு கிழட்டுக் கரடி. மரப்பெட்டிக்குள் லாந்தரோடு உட்கார்ந்து, "எல்லாம் சுகம்" என்று மணிக்கொரு தரம் கூவும். கண்ணை மூடிக்கொண்டே கூவும். அதற்கு ஒத்தாசையாகச் சில ஓநாய்கள். களவுபோன முட்டையைக் கூலிக்குக் கண்டுபிடித்துத் தருவது அவற்றின் தொழில். கேட்ட மறுநாளே கொண்டுவந்து நீட்டும். திருடி வைத்ததே அவைதான் என்பது காட்டுக்குப் புரிய ரொம்பக் காலம் பிடித்தது. புரிந்த பிறகும் கூலி கொடுத்துக்கொண்டுதான் இருந்தார்கள்.

அப்புறம் கலைமான் மந்திரியானார். கரடியைப் பெட்டியோடு வீட்டுக்கு அனுப்பிவிட்டு, புதுப் படை ஒன்று அமைத்தார். பல்லும் நகமும் உள்ளவர்கள் வேண்டாம் என்று கழுதைகளைச் சேர்த்தார். சிவப்புக் கோட்டு மாட்டினால் பட்டாளம் என்று மக்கள் மிரளுவார்கள், அதனால் நீலக்கோட்டு. இடுப்பில் ஒரு கட்டை. தலையில் உயரமான தொப்பி. மதிலுக்கு அந்தப் பக்கம் பார்க்க வேண்டுமானால் தொப்பியைக் கீழே வைத்து அதன்மேல் ஏறி நிற்கலாம், அவ்வளவு கெட்டி. கழுதை தொப்பியில் ஏறுவதைப் பார்ப்பதற்காகவே முயல்கள் மதிலுக்குப் பின்னால் சத்தம் போட்டன.

மந்திரி பாறைமேல் நின்று இரண்டு விதிகளைச் சொன்னார். "காவலரே மக்கள், மக்களே காவலர். இது ஒன்று. எத்தனை திருடனைப் பிடித்தார்கள் என்பது காவலுக்குப் பெருமை இல்லை. திருட்டே இல்லாமல் இருப்பதுதான் பெருமை. இது இரண்டு."

கூட்டம் ஆரவாரித்தது. நரி மட்டும் பின்வரிசையில் எழுந்து, "ஐயா, அந்த இரண்டாவதை இன்னொரு தரம் சொல்லுங்கள்" என்று கேட்டுக்கொண்டது.

வெள்ளையம்மாள் தெருவுக்கு வந்தவர் ஏட்டுக் கழுதை. ராத்திரி இரண்டு சுற்று நடப்பார். முதல் சுற்றில் ஒவ்வொரு கதவையும் மூக்கால் முட்டிப் பார்ப்பார்.

"ஏட்டையா, தூங்க விடமாட்டீங்களா?"

"கதவு சாத்தியிருக்கான்னு பார்க்கணும்மா."

"சாத்தித்தான் இருக்கு."

"நீங்க சொன்னா ஆச்சா? முட்டிப் பார்க்கணும். உத்தரவு."

"உங்க மூக்கு ஈரம் கதவெல்லாம் பிசுபிசுன்னு ஒட்டுது."

"காலையில துடைச்சுக்குங்கம்மா."

முட்டிய பிறகு, வாசலுக்குக் குறுக்கே சிலந்தியிடம் வாங்கிவந்த ஒரு நூலைக் கட்டிவிட்டுப் போவார். அடுத்த சுற்றில் நூல் அறுந்திருந்தால் யாரோ உள்ளே புகுந்திருக்கிறார்கள் என்று அர்த்தம். அப்போது ஏட்டையா தலையைத் தூக்கி ஒரு கத்துக் கத்துவார். கழுதை கத்தினால் எப்படி இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. ஒரே ஒரு தரம் நூல் அறுந்தது. அன்றைக்குக் காடே எழுந்து துரத்தியதில் நரி வெகுநாள் நொண்டியது. அதற்கப்புறம் அந்தத் தெருப் பக்கமே வரவில்லை. வெள்ளையம்மாள் ஏட்டையாவைத் திட்டிக்கொண்டே நிம்மதியாகத் தூங்கினாள். அந்தக் காலத்தில் பொரித்த குஞ்சுகள் எல்லாம் தலையெடுத்து வேறு வேறு குளங்களுக்குப் போய்விட்டன.

நல்லது நடந்தால் யாருக்கு நினைவிருக்கும்? பழைய கலைமான் போய்ப் புதிய கலைமான் மந்திரியானார். அவர் படித்த கலைமான். வந்ததும் நவீனமாக்கல் குழு ஒன்றைப் போட்டார். ராத்திரி நடமாட்டத்தில் அனுபவசாலி என்று நரியையும் அதில் சேர்த்தார்.

"ராஜா," என்றது நரி, சிங்கத்தின் முன்னால் பவ்வியமாக. "வாத்துத் தெருவில் எத்தனையோ காலமாகத் திருட்டே இல்லை."

"சந்தோஷம்" என்றது சிங்கம்.

"இல்லாத திருட்டுக்கு எதற்கு ராஜா நடைக் காவல்?"

சிங்கம் பிடரியைச் சொறிந்தது. "அதுவும் சரிதான்."

ஏட்டையாவுக்கு ஒரு வண்டி கொடுத்தார்கள். கூரையில் சுழல்விளக்கு. காலமெல்லாம் வண்டி இழுத்த இனம், உள்ளே ஏறி உட்கார முதலில் கூச்சப்பட்டது. அப்புறம் பழகிவிட்டது. தெருவில் சர்ரென்று போவார். வண்டிக்குள்ளிருந்து மூக்கு கதவுக்கு எட்டுமா? சிலந்தியையும் வேலையைவிட்டு நிறுத்திவிட்டார்கள். வெள்ளையம்மாள் வாசலுக்கு ஓடிவந்து, "ஏட்டையா!" என்று கூப்பிடுவதற்குள் தெருமுனையில் விளக்கு மட்டும் தெரியும்.

அந்தப் பருவத்தில் அவளுடைய முட்டைகள் போயின. நூலே இல்லாத வாசலில் நரிக்கு என்ன தயக்கம்?

மக்கள் முணுமுணுத்தார்கள். உடனே கம்பத்துக்குக் கம்பம் கோட்டான்களை உட்கார வைத்தார்கள். கண்ணிமைக்காமல் பார்ப்பது அவற்றின் வேலை. அடுத்த முட்டைகளும் போனபோது வெள்ளையம்மாள் கம்பத்தடியில் நின்று கழுத்தை நீட்டினாள்.

"பார்த்தீங்களா?"

"பார்த்தேன்" என்றது கோட்டான்.

"யாரு?"

"பார்க்கிறதுதான் என் வேலை. சொல்றது வேற இலாகா."

அந்த இலாகாவில் ஒரு கிளி இருந்தது. காட்டில் எங்கிருந்து கூப்பிட்டாலும் அந்தக் கிளிதான் பேசும். "உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியம். முட்டை திருட்டுக்கு ஒரு தரம் கொத்தவும். குஞ்சு திருட்டுக்கு இரண்டு தரம் கொத்தவும். உங்களையே இப்போது யாராவது தின்றுகொண்டிருந்தால் தொடர்ந்து காத்திருக்கவும்."

வெள்ளையம்மாள் அலகு தேயக் கொத்தினாள். கடைசியில் கிளி அவளுக்கு ஓர் எண்ணைச் சொன்னது.

"இது என்ன?"

"உங்கள் திருட்டின் எண்."

"முட்டை எப்போ வரும்?"

"எண் வந்துவிட்டது அல்லவா?"

பிறகு எண்ணும் நின்றுபோனது. எண் கொடுத்தால் திருட்டு ஒன்று கூடிவிடுகிறது. திருட்டே இல்லாமல் இருப்பதுதான் காவலுக்குப் பெருமை என்று பழைய மந்திரி சொல்லியிருக்கிறாரே. அதனால் வெள்ளையம்மாளின் புகாரை 'ஞாபகமறதி' என்ற இனத்தில் சேர்த்தார்கள். முட்டையை எங்கேயோ வைத்துவிட்டு மறந்துவிட்டாளாம். அந்த ஆண்டு காட்டில் திருட்டு பாதியாகக் குறைந்தது. மறதி பெருகியது.

நேரில் போய்க் கேட்கலாம் என்று காவல் நிலையத்துக்கு நடந்தாள். முன்பக்கத்தை விற்றுவிட்டிருந்தார்கள். செலவு அதிகமாம். பின்பக்கத்து லாக்கப் மட்டும் மிச்சம். முன்பக்கத்தை வாங்கிக் குடியேறியது யார் என்று நான் சொல்ல வேண்டுமா? சன்னலில் புதுத் திரை, வாசலில் பூந்தொட்டி, தொட்டியில் முட்டை ஓடு உரம்.

வெள்ளையம்மாளுக்கு வயதாகிவிட்டது. அந்த வசந்தத்தில் ஒரே ஒரு முட்டை இட்டாள். இனி இடமாட்டோம் என்று உடம்பு சொல்லிவிட்டது. பழைய சிலந்தியைத் தேடிப்பிடித்து, கெஞ்சி, ஒரு நூல் வாங்கித் தானே வாசலில் கட்டினாள். மக்களே காவலர் என்றுதானே சொன்னார்கள்.

நரி பட்டப்பகலில் வந்தது. இருட்டுகிற வரை காத்திருக்கும் சிரமம் இப்போது அதற்கு இல்லை. நூல் அறுந்தது. குளத்திலிருந்த வெள்ளையம்மாள் கத்திக்கொண்டே ஓடிவந்தாள். பக்கத்து வீட்டுச் சன்னல்கள் திறந்தன, பார்த்தன, மூடிக்கொண்டன. உள்ளே எல்லாரும் கிளியைக் கூப்பிட்டுக் கொத்திக்கொண்டிருந்தார்கள். நரி முட்டையை வாயில் கவ்விக்கொண்டு திரும்பியது.

"வழிய விடு ஆத்தா" என்றது பல்லுக்கிடையில். "வயசான காலத்துல எதுக்கு ஓட்டம்?"

வெள்ளையம்மாள் வழி விட்டாள். நரி தாண்டியதும் அதன் வாலை அலகால் பிடித்து, ஆயுசு முழுக்கச் சேர்த்துவைத்த கோபத்தோடு கடித்தாள். நரி ஊளையிட்டது. முட்டை வைக்கோலில் விழுந்து, உடையாமல் உருண்டது.

அப்போது நடந்ததை வெள்ளையம்மாளால் நம்பவே முடியவில்லை. வண்டி வந்தது! விளக்கு சுழல, சத்தம் போட்டுக்கொண்டு, தும்மி முடிப்பதற்குள் வந்துவிட்டது. கம்பத்துக் கோட்டான் பிறந்ததிலிருந்து முதல் தடவையாக வாயைத் திறந்தது. "பார்த்தேன். கடித்தது வாத்து. பெயர் வெள்ளையம்மாள். வீடு இதுதான்."

ஏட்டையா இறங்கினார். முகத்தைப் பார்க்கவில்லை. "மன்னிக்கணும்மா. கடிச்சது நிஜமா?"

"நிஜம்தான். அது என் முட்டைய எடுத்துச்சு."

"அது மறதி இனம்மா. இது காயம். சாட்சி வேற இருக்கு. வண்டியில ஏறுங்க."

"என் முட்டை?"

ஏட்டையா யோசித்தார். "சம்பவ இடத்துல இருந்த பொருள். கூடவே கொண்டு வரணும்."

"சூடு குறைஞ்சா பொருள் கெட்டுப்போகும் ஏட்டையா."

"அப்போ நீங்களே அதுமேல உட்காருங்க."

லாக்கப்புக்குக் கெட்டிச் சுவர். இரும்புக் கதவு. தாழ்ப்பாள் வெளியே. இழுத்துப் பார்க்க அவளுக்கு ஒன்றுமே இல்லை. முட்டையை அணைத்துக்கொண்டு படுத்தாள். சற்று நேரத்தில் கதவில் மெத்தென்று ஒரு முட்டு.

"யாரு?"

"நான்தான்மா. உள்ளே இருக்கிறவங்க நல்லா இருக்காங்களான்னு மணிக்கொரு தரம் பார்க்கணும். உத்தரவு. தூக்கம் கெடுதா?"

ஈர மூக்கின் வாடை இரும்பு வழியாகக்கூட வந்தது. வெள்ளையம்மாளுக்குக் கண் நிறைந்துவிட்டது. "முட்டுங்க ஏட்டையா, நல்லா முட்டுங்க" என்று சொல்லிவிட்டுத் தூங்கிப்போனாள்.

சம்பவம் நடந்த உடனேயே குற்றவாளியைப் பிடித்ததற்காக ஏட்டையாவுக்குப் பதக்கம் கொடுத்தார்கள். மந்திரி நவீனமாக்கலின் வெற்றி என்று பேசினார். நரி வாலில் கட்டோடு மேடையில் உட்கார்ந்திருந்தது. அதே வாரம் லாக்கப்பில் முட்டை பொரிந்தது. வெள்ளையம்மாளை ஜாமீனில் போகச் சொன்னார்கள். "போனா மறுபடி கடிப்பேன்" என்று எழுதிக் கொடுக்கத் தயாராக இருந்தாள். குஞ்சுக்குச் சிறகு முளைக்கிற வரை வைத்திருப்பது என்று முடிவாயிற்று.

செய்தி பரவ எவ்வளவு நேரம்? மறுநாள் காலையில் காவல் நிலையத்தின் முன்பக்கத்தில், நரி வீட்டு வாசலில், கோழிகளும் வாத்துகளும் முட்டைகளோடு வரிசை பிடித்து நின்றார்கள். கடித்தால் பின்பக்கத்தில் இடம் நிச்சயம். நரி பூந்தொட்டிக்குப் பக்கத்தில் ஒரு பலகையை நட்டு வைத்தது. 'ஒரு கடி, ஒரு முட்டை. முடி பிடுங்கக் கூடாது.' வாலை வெளியே நீட்டிவிட்டு உள்ளே தேநீர் குடித்தது.

அன்றிலிருந்து அந்தக் காட்டில் முட்டை திருட்டு ஒன்றுகூட இல்லை. பழைய மந்திரியின் கனவு பலித்ததாகச் சிங்கம் மகிழ்ந்தது. வரிசையில் நின்றவர்களில், ஒரே முட்டை வைத்திருந்தவர்கள் மட்டும் பலகையைப் படித்துவிட்டு வீட்டுக்குத் திரும்பிப் போனார்கள்.

நீதி: காவல் வேண்டும் என்று மனுக் கொடுக்காதே, கைதாகு. கைவசம் இரண்டு முட்டையாவது வைத்துக்கொள்.