ஜமால்தீன் மாமா இணையத்தைத் துடைத்த கதை

வேண்டாததை அழிப்பவர் என்றொரு இனம் உண்டு. கேட்காமலே வருவார், வந்ததும் கணினி முன் கதிரையை இழுத்துப் போட்டு, "எவ்வளவு குப்பை" என்பார். உங்கள் குடும்பத்திலும் ஒருவர் இருப்பார். கண்டிக்குப் பக்கத்திலுள்ள அலவத்துகொடையில் அவர் பெயர் ஜமால்தீன் மாமா.

நோன்பு நெருங்கினால் ஊரே வீடு கழுவும். போன சனிக்கிழமை மாமாவின் தங்கை அபீபா வீட்டில் அலுமாரிக்கு மேல் கிடந்த சட்டிகள்கூட முற்றத்தில் வெயில் காய்ந்தன. மிஞ்சியது கணினி ஒன்றுதான். மாமாவுக்குப் பொறுக்குமா? அதிலுள்ள மென்பொருள்களின் பட்டியலைத் திறந்தார், ஒவ்வொரு பெயராக வாசித்தார், வாயில் நுழையாத, சீனப் பட்டாசுப் பெட்டியில் கண்டது போலிருந்த, அந்த வீட்டில் யாருக்கும் உறவில்லாத ஒரு பெயரில் கண் நின்றது. அழித்தார். கணினியை இணையத்தோடு சேர்த்து வைக்கும் ட்ரைவர் என்ற மென்பொருள் அதுதான். இணையம் அறுந்தது.

"மாமா, ரெண்டு மணிக்கி எனக்கு இன்டர்வியூ ஈக்கிது," என்றாள் அபீபாவின் மகள் பர்ஹானா. கட்டாரிலுள்ள பாடசாலையொன்றுக்கு இணையவழி ஆசிரியை வேலை. நடத்திக் காட்ட வேண்டிய பாடமெல்லாம் அந்தக் கணினிக்குள். வருடக்கணக்காக வேலை தேடும் பிள்ளை. பார்க்கவே பாவமாக இருந்தது.

மாமா அவளைப் பார்க்கவில்லை. "இது மழையால," என்றார். வெளியே சுள்ளென்று வெயில். ரவுட்டரைக் கழற்றி ஜன்னலில் வைத்தார், அலுமாரி மேல் வைத்தார், கண்டிப் பக்கம் திருப்பி வைத்தார். இணைய நிறுவனத்துக்கு அழைத்து, பதிவுசெய்த குரல் என்று தெரியாமல் அதனிடம் நியாயம் கேட்டார். பிறகு, அறிவாளியல்லவா, அழிந்த ட்ரைவரை மீட்பது எப்படி என்று அதே கணினியில், அதே இணையத்தில் தேடினார். இணைப்பு இல்லை என்றது கணினி.

"அதத்தானே நானும் சொல்றன்," என்று அதைக் கடிந்துகொண்டார்.

பர்ஹானா தன் போனைச் சார்ஜர் வயரால் கணினியில் செருகி, போனின் டேட்டாவைத் திறந்துவிட்டாள். இணையம் வந்தது. ட்ரைவரை இறக்கிப் பதித்தாள்.

"பாத்தியா தங்கச்சி, சுத்தம் செஞ்ச பொறகு என்ன வேகம்," என்றார் மாமா அபீபாவிடம்.

பர்ஹானா அவர் கையில் ஒரு சட்டியைக் கொடுத்து முற்றத்துக்கு அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்தினாள். வேலை கிடைத்துவிட்டது. தான் துடைத்த கணினியால் கிடைத்த வேலை என்று மாமா ஊரெல்லாம் சொல்லித் திரிகிறார்.

சிரிக்கிறீர்களா? போன மாதம் உங்கள் உம்மாவின் போனை வாங்கி, "இடமே இல்ல, எவ்வளவு குப்பை" என்று அழித்துக் கொடுத்தது யார்? அன்றிலிருந்து அவர் அந்தப் போனில் எதையோ தேடிக்கொண்டிருக்கிறார். என்னவென்று கேட்டீர்களா?