தறி விற்ற பணம்

கேஸில் ஜெயித்தே ஆக வேண்டும். ஆனால் எவ்வளவு பணத்துக்கான கேஸ் என்பது கோமளாவுக்குத் தெரியவே கூடாது. இதுதான் தம்பிதுரையின் தீர்மானம்.

தம்பிதுரை சூலூரில் விசைத்தறி ஓட்டுகிறவர். பழைய தறிகளை இரும்புக்கடைக்குப் போட்டார். வந்தது நாலு லட்சம். மனைவி கோமளாவிடம் சொன்னது ஒரு லட்சம். மீதியை அவர் குடிக்கவில்லை, சீட்டாடவில்லை. யாரிடமும் கேட்காமல் எடுக்கக் கையில் கொஞ்சம் பணம் இருந்தால் எப்படி இருக்கும் என்று பார்க்க ஆசைப்பட்டார், அவ்வளவுதான். கல்யாணமான நாளிலிருந்து பெட்ரோலுக்குக்கூட மனைவியிடம் கணக்குச் சொன்னவருக்கு அது பெரிய ஆசை.

அதை மோப்பம் பிடித்தவன்போலச் சிநேகிதன் கிருபாசங்கர் வந்தான். "அண்ணா, உங்களை உட்டா எனக்கு ஆருங்க?" என்றான். இப்படி யாரும் அவரிடம் கேட்டதில்லை. மூன்று லட்சத்தையும் தூக்கிக் கொடுத்துவிட்டார். அதற்கு ஈடாக அவன் கொடுத்த செக், பணமில்லை என்று பேங்கிலிருந்து திரும்பி வந்தது. கோர்ட்டுக்குப் போனார். வீட்டில், "ஒரு கைமாத்து விவகாரம்" என்றார். எவ்வளவு என்று கோமளா கேட்கவில்லை. தன் அதிர்ஷ்டம் என்று நினைத்துக்கொண்டார்.

செக்கில் இருப்பது தன் கையெழுத்துத்தான் என்று கிருபாசங்கர் ஒப்புக்கொண்டான். அதை ஒப்புக்கொண்டாலே கடன் இருப்பதாகத்தான் கோர்ட் எடுத்துக்கொள்ளும் என்று தம்பிதுரையின் வக்கீல் ரெபேக்கா சொல்லியிருந்தாள். அந்தத் தைரியத்தில் கூண்டேறினார். எதிர்த்தரப்பு வக்கீல் மெதுவாக ஆரம்பித்தார்.

"மூணு லட்சம் ரொக்கம். பேங்குல எடுத்தீங்களா?"

"இல்லீங்க."

"வருமான வரியில காட்டுனீங்களா?"

"இல்லீங்க."

"அப்ப உங்ககிட்ட அவ்வளவு பணமே இருந்ததில்லை. எப்பவோ நம்பிக் கொடுத்த வெத்துச் செக்கை நிரப்பிக்கிட்டீங்க."

வீட்டில் தான் சொன்ன பொய்யையே ஒருவர் கறுப்புக் கோட்டுப் போட்டுக்கொண்டு திருப்பிச் சொல்வதுபோல் இருந்தது தம்பிதுரைக்கு.

வெளியே வந்ததும் ரெபேக்கா சொன்னாள். "சந்தேகத்தைக் கிளப்பிட்டாங்க. பணம் எங்கிருந்து வந்துச்சுன்னு இனி நாமதான் காட்டணும். இரும்புக்கடைக்காரரைக் கூப்பிடலாமா?"

"கடையைக் காலி பண்ணிட்டு எங்கியோ போயிட்டாருங்க."

"அப்ப உங்க வீட்டம்மாதான் சாட்சி."

அன்றைக்குச் சாப்பாட்டு நேரத்தில் தம்பிதுரை பக்குவமாகப் பேச்செடுத்தார்.

"அம்மணி, கோர்ட்ல ஒரு வார்த்தை சொல்லோணும். தறி வித்த பணம் ஊட்ல இருந்துச்சுன்னு. தொகையை மட்டும் சொல்லிப்போடாதே."

"கேட்டாங்கன்னா?"

"கேக்க மாட்டாங்க."

"சரிங்க. கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்றேன்."

கூண்டில் ரெபேக்கா கேட்டதற்கெல்லாம் கோமளா சொல்லிக்கொடுத்தபடியே சொன்னாள். பிறகு எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார்.

"தறி எவ்வளவுக்குப் போச்சும்மா?"

"நாலு லட்சமுங்க."

இவளுக்கு எப்படித் தெரிந்தது என்று தம்பிதுரை ரெபேக்காவைப் பார்த்தார்.

"உங்க வீட்டுக்காரர் சொன்னாரா?"

"அவரு ஒண்ணுன்னுதான் சொன்னாருங்க. தறியெல்லாம் எங்கப்பா எம்பேர்ல வாங்கிக் குடுத்தது. அதனால கடைக்காரரு எனக்குப் போன் பண்ணி, தொகையைச் சொல்லிக் கேட்டுட்டுத்தான் தறியை வண்டியில ஏத்துனாரு. மீதி மூணும் பழைய மோட்டார் பொட்டிக்குள்ள இருந்துச்சுங்க. நானே எண்ணிப் பாத்தேன். கிருபாசங்கர் வந்துட்டுப் போன அன்னிக்குப் பொட்டி காலியா இருந்துச்சு."

வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

ஜட்ஜ் அம்மாவுக்கே ஆர்வம் வந்துவிட்டது. "தெரிஞ்சும் ஏம்மா அவரைக் கேக்கலை?"

"அந்தப் பணம் இருந்தப்ப அவரு நிமிந்து நடந்தாருங்க. காலையில எந்திரிச்சா பாட்டு வேற. பாக்க நல்லா இருந்துச்சு. எதுக்குக் கெடுக்கறதுன்னு உட்டுட்டேன்."

தம்பிதுரை தலையைக் குனிந்துகொண்டார். தன்னை யாரோ இவ்வளவு நாளாகக் கவனித்திருக்கிறார்கள் என்பது அவருக்கு வெட்கமாகவும் இருந்தது, இதமாகவும் இருந்தது.

கிருபாசங்கர் தீர்ப்பு வரை காத்திருக்கவில்லை. அடுத்த வாய்தாவிலேயே முழுப் பணத்தையும் கொண்டுவந்து சமாதானம் பேசினான். சூலூர் பஸ்ஸில் பணப்பையை மடியில் வைத்துக்கொண்டு தம்பிதுரை நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"கடனை நிரூபிச்சுப்போட்டோம், பாத்தியா அம்மணி?"

"ஆமாங்க. அவரு உங்களுக்குத் தர வேண்டியது வந்துருச்சு. இனி நீங்க எனக்குத் தர வேண்டியது." கோமளா பணப்பைக்குக் கையை நீட்டினாள். "செக்கா மட்டும் வேண்டாமுங்க."