டமாரமும் ருஷ்ய ருக்மணியும்

ருஷ்யா எந்தத் திசையில் இருக்கிறது என்றே தெரியாமல் அந்த நாட்டு நடிகை ஒருத்தியின் ஜாதகத்தையே எழுதியவர் இந்த உலகத்தில் ஒருவர்தான். அவர் திண்டிவனத்தில் இருந்தார். பெயர் டமாரம். பெற்றவர்கள் வைத்த பெயர் அவருக்கே மறந்திருக்கும்.

ஊமைப்படக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்வது அவர் தொழில். படம் பேச ஆரம்பித்ததும் பிழைப்பில் மண் விழுந்தது. சந்தையில் பல்பொடி விற்றார். அப்புறம் யுத்தம் வந்தது, கூடவே ருஷ்யப் படங்களும் வந்தன. ஒரு ஜீவனுக்கும் பாஷை புரியவில்லை. எங்கள் டூரிங் கொட்டகை முதலாளி டமாரத்தைத் திரும்பக் கூப்பிட்டார். அங்கே மிஷின் ஓட்டுகிறவன் நான்.

முதலாளிக்கு விழுப்புரத்தில் ஒரு கொட்டகை, திண்டிவனத்தில் ஒரு கொட்டகை. படம் ஒன்றே. இன்று அங்கே, நாளை இங்கே. ரீல்களோடு நாங்களும் ரயிலில் அலைவோம். டமாரத்தால் ரயிலில்கூட உட்கார முடியாது. உள்ளேயே முன்னும் பின்னும் நடந்துவிட்டு, "பாதி தூரம் கால்லதான் வந்தேன்" என்பார்.

முக்காடு போட்ட ஒரு வட்டமுகக்காரிதான் முக்கால்வாசிப் படங்களில் வருவாள். வாயில் நுழையாத அவள் பெயரைத் தூக்கிக் கடாசிவிட்டு ருக்மணி என்று வைத்தார் டமாரம். ஒரே மிஷின் என்பதால் ரீலுக்கு ரீல் விளக்குப் போடுவோம். அந்த இடைவெளியில் ஆரம்பிப்பார்:

"ருக்மணி பொறந்தது கூலிக்காரன் வூடு! அங்கயும் மல்லாட்ட ஆயறதுதான் வேல! ஒரு டைரக்டரு வண்டியில போய்க்கினு இருந்தவரு, 'ஏறும்மா, சினிமாவுல சேத்துடறேன்'னாரு. 'எங்கம்மாவையும் ஏத்துனாதான் வருவேன்'னா! அங்க நிக்கிறா நம்ம ருக்மணி!"

நிலக்கடலை ஆய்ந்து பிழைக்கிற பெண்கள் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்கும்.

"இன்னாண்ணா, தரையெல்லாம் வெள்ளையா கீது?" என்று ஒருவன் பனியைக் காட்டிக் கேட்டான்.

"மரக்காணத்து உப்பு! கப்பல்ல போவுது!"

கிளியனூரிலிருந்து அஞ்சலை என்று ஒரு கூலிக்காரப் பெண் தவறாமல் வருவாள். ஒரே மகன் பட்டாளத்தில், பர்மா பக்கம். வெகுநாளாகத் தகவலே இல்லை. "ருக்மணி இன்னிக்கி வூடு வந்து சேந்துடுமாண்ணா? அது வந்தா எம்புள்ளையும் வந்துடுவான்" என்பாள். "நான் கேரண்டி, தங்கச்சி!" என்று மார்தட்டுவார் டமாரம்.

அப்போது வந்தது அந்தப் படம். விழுப்புரத்தில் ஓட்டினோம். கடைசி ரீலில் ருக்மணியைச் சுட்டுவிட்டார்கள். மறுநாள் ரயிலில் டமாரம் பட்ட பாடு சொல்லி மாளாது. மயிலம் ஸ்டேஷனில் இறங்கி இன்ஜின் வரைக்கும் ஓடி, "ஏன்யா இவ்ளோ ஜல்தியா போறே?" என்று டிரைவரிடம் சண்டை போட்டார்.

திண்டிவனம் வந்ததும் என் கையைப் பிடித்தார். "பேஜாராப் பூடும்டா தம்பி. அஞ்சல வருவா. கடைசி ரீல முன்னாடி மாட்டு."

"படம் தாறுமாறாப் பூடுமேண்ணா!"

"தாறுமாறா ஆவட்டும். அவ வூட்டுக்குப் போயி தூங்கணும்டா!"

முதலாளிக்குத் தெரிந்தால் இரண்டு பேர் சீட்டும் கிழியும். மாட்டினேன்.

ருக்மணி சுடப்பட்டு விழுந்தாள். அஞ்சலை வாயைப் பொத்திக்கொண்டு எழுந்துவிட்டாள். விளக்குப் போட்டேன். டமாரம் பெஞ்சுமேல் பாய்ந்து ஏறினார்.

"யாரும் அழாதீங்க! காச்சல்ல படுத்துக்கினு ருக்மணி கண்ட கெனா அது!"

அடுத்த ரீலில் ருக்மணி வாளியும் கையுமாகச் சிரித்துக்கொண்டு வந்தாள். கொட்டகையே பிய்ந்துபோகிற மாதிரி விசில். அஞ்சலை அழுதுகொண்டே சிரித்தாள்.

முதலாளி கண்டுபிடித்துவிட்டார். திட்டத்தான் வந்தார், கூட்டத்தைப் பார்த்ததும், "விழுப்புரத்துலயும் இப்படியே ஓட்டுங்க" என்றார். செத்தவள் பிழைத்ததைப் பார்க்க விழுப்புரத்து ஜனம் மறுபடி டிக்கெட் வாங்கியது.

யுத்தம் முடிந்து அஞ்சலையின் மகன் திரும்பி வந்தான், ஒரு காலை நொண்டிக்கொண்டு. "ரீல மாத்துனது யாரு? நானு!" என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார் டமாரம்.

அவர் போய்விட்டார் என்று சேதி வந்தபோது நான் பட்டணத்தில் இருந்தேன். கூடப் பிறந்தவர் போன மாதிரி அழுதேன். பிறகு, எவனோ கடைசி ரீலை முன்னால் மாட்டிவிட்டான் என்று என்னையே தேற்றிக்கொண்டேன். அடுத்த ரீலில் டமாரம் படப்பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு, சத்தம் போட்டபடி திண்டிவனம் ஸ்டேஷனில் இறங்குவார்.